டிக்கெட்டில் இருப்பது விமானத்தின் நம்பர் இல்லை

துபாய் கிளம்புவதற்கு முந்தின நாள் பாலக்கோட்டிலிருந்து அக்கா மகன் போன் செய்தான். "மாமா, போன மாசம் பாதி வழியில திரும்பி வந்த ஃபிளைட் நம்பரும் என் டிக்கெட்ல இருக்கிறதும் ஒண்ணுதான். அதே விமானமா?"

விமானப் பராமரிப்பில் இருப்பதால் இந்தக் கேள்வி எனக்குப் பழக்கம். டிக்கெட்டில் இருப்பது பஸ் ரூட் நம்பர் மாதிரி. பென்னாகரம் ரூட்டில் இன்றைக்கு ஒரு வண்டி ஓடும், நாளைக்கு வேறு வண்டி ஓடும். எந்த வண்டி என்று சொல்வது டி.என்.29 என்று தொடங்கும் பிளேட்தான். விமானத்துக்கு அது வால் பக்கம் எழுதியிருக்கும் ஐந்து எழுத்து. டெயில் நம்பர் என்போம். நம்பர் என்று பேர், நம் நாட்டு விமானங்களில் ஓர் எண்கூட இருக்காது.

முதலில் நாடு: இந்தியாவுக்கு வி.டி., சிங்கப்பூருக்கு 9வி, இலங்கைக்கு 4ஆர். மிச்சம் மூன்று எழுத்து அந்த ஒரு விமானத்துக்கு மட்டும். எஸ்.ஓ.எஸ். கேட்டால் தரமாட்டார்கள், அது ஆபத்துக் குறி.

வி.டி. என்றால் 'வைஸ்ராய் டெரிட்டரி' என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிறதே, அது கட்டுக்கதை. 1927 வாஷிங்டன் வானொலி மாநாட்டில், வானொலியில் தங்களை அடையாளம் சொல்வதற்கான அழைப்புக் குறிகள் நாடுகளுக்குப் பிரிக்கப்பட்டன. விமானத்தின் நாட்டு எழுத்தும் அதிலிருந்து வந்ததுதான். பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த பல பகுதிகளுக்கு 'வி' வரிசை வந்தது. ஆஸ்திரேலியா இன்றும் வி.எச்.தான், அங்கே ஏது வைஸ்ராய்? 1932-இல் ஜே.ஆர்.டி. டாடா கராச்சியிலிருந்து பம்பாய்க்குத் தபால் கொண்டுவந்த விமானமும் வி.டி.-ஏ.டி.என்.

ஒரு விமானம் ஒரே சமயத்தில் இரண்டு நாட்டுப் பதிவில் இருக்கக் கூடாது என்பது 1944 சிகாகோ ஒப்பந்தம். வெளிநாட்டுக்கு விற்றால் இங்கே பதிவை ரத்து செய்து, எழுத்தை அழித்து, அந்த நாட்டு எழுத்தை எழுத வேண்டும். பெயின்ட் எரிந்துவிடும் என்பதால் தீயில் அழியாத உலோகத் தகட்டிலும் இதைப் பொறித்து வாசல் பக்கம் பொருத்தியிருப்பார்கள்.

எனக்கு இதன் அருமை புரிந்தது வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒரு ராத்திரி ஷிப்டில். பக்கத்துப் பக்கத்தில் ஒரே ரகத்தில் இரண்டு விமானம், கடைசி எழுத்து மட்டும் வேறு. தூக்கக் கலக்கத்தில் தப்பான விமானத்தில் ஏணியைச் சாத்தி, மூடியைக் கழற்ற ஸ்க்ரூடிரைவரை வைத்துவிட்டேன். கீழே நின்ற சீனியர் திட்டவில்லை. "கையில இருக்கிற வேலை கார்டுல எந்த விமானம்னு வாசி. அப்புறம் இறங்கிப்போய் வாலை வாசி" என்றார். வி-க்கு விக்டர், டி-க்கு டேங்கோ என்று, எங்கள் வழக்கப்படி வாய்விட்டு வாசித்தேன். கடைசி எழுத்தில் நாக்கு ஒட்டிக்கொண்டது.

மறுநாள் மருமகன் விமான நிலையத்திலிருந்து போட்டோ அனுப்பினான். வால் தெரியவில்லை, மூக்குச் சக்கரத்தின் கதவு மட்டும். அதிலும் கடைசி எழுத்துகள் இருந்தன. "மாமா, இது வேற வண்டி" என்று எழுதியிருந்தான்.