கடவுமரம்: ஓர் உலகிலிருந்து இன்னோர் உலகுக்குத் திறக்கும் மரம்

மாயப்புனைவு படிப்பவர்களுக்கு ‘போர்ட்டல் ட்ரீ’ புதிதல்ல. அடிமரத்துக்குள் நுழைந்தால் வேறோர் உலகில் வெளியே வரலாம்; அப்படிப்பட்ட மரம். தமிழில் எழுதும்போது ‘மாயமரம்’, ‘உலகமரம்’ என்றெல்லாம் கைக்கு வரும். இரண்டுமே பொருந்தாது. ‘கடவுமரம்’ என்பதே இதற்குச் சரியான சொல் என்பேன்.

கோட்பாடு இதுதான். மரம் ஒரே நேரத்தில் இரண்டு இடங்களில் வாழ்கிறது: வேர் இருட்டில், இலை வெளிச்சத்தில். மண்ணுக்குக் கீழே இருப்பதையும் மேலே இருப்பதையும் ஓர் உயிரால் இணைக்க முடியுமென்றால், இரண்டு உலகங்களையும் அதனால் இணைக்க முடியும் என்கிறது இந்தக் கற்பனை. அதோடு மரம் இடம்பெயராது, தலைமுறைகளைத் தாண்டி நிற்கும். இன்று போனவன் பல ஆண்டு கழித்துத் திரும்பினாலும் வழி அதே இடத்தில் இருக்க வேண்டுமே!

உலகமரம் என்பது வேறு. 13ஆம் நூற்றாண்டில் ஐஸ்லாந்தில் எழுதிவைக்கப்பட்ட, வட ஐரோப்பியப் புராணங்களைச் சொல்லும் ‘எட்டா’ (Edda) என்னும் நூல்களில் வரும் இக்டிராசில் அதற்குப் பெயர்போன எடுத்துக்காட்டு. அது ஓர் ஆஷ் மரம். மூன்று வேர்கள் மூன்று திசைக்குப் போகின்றன. உச்சியில் இருக்கும் கழுகுக்கும் வேரைக் கடிக்கும் நிதோக் என்னும் பெரும்பாம்புக்கும் இடையே ஒரு அணில் ஏறி இறங்கிச் சொல் கடத்துகிறது. ‘இக்’ என்பது ஓடின் கடவுளின் பெயர்களில் ஒன்று, அச்சம் தருபவன் என்று பொருள். ‘டிராசில்’ என்றால் குதிரை. ஓடின் ஒன்பது இரவுகள் மரத்தில் தொங்கிய கதையை வைத்து, தூக்குமரத்தையே அவன் ஏறிய குதிரையாகப் பார்த்த பெயர் இது என்பது பரவலான விளக்கம். நடு அமெரிக்காவின் மாயா மக்களிடமும் இப்படியொரு மரம் உண்டு: வேர் சிபால்பா என்னும் கீழுலகில், கிளை வானத்தில் இருக்கும் இலவமரம். மெக்சிகோவின் பலெங்கேயில் 1952இல் கண்டெடுத்த பக்கால் மன்னனின் கல்லறை மூடியில் அதைப் பார்க்கலாம். கீழுலகின் திறந்த தாடைமேல் மன்னன் சாய்ந்திருக்கிறான், அவன் மேலே மரம் எழுகிறது, உச்சியில் ஒரு பறவை.

இவை எல்லாம் உலகங்களைத் தாங்கி நிற்கும் தூண்கள். உலகமரம் ஒன்றே ஒன்றுதான் இருக்க முடியும். கடவுமரமோ ஒரு காட்டில் நாலைந்துகூட இருக்கலாம். அதேபோல, தெய்வம் குடியிருக்கும் மரமும் கடவுமரம் ஆகாது. குறுந்தொகை 87ஆம் பாட்டில் கபிலர் காட்டும் மன்றத்து மராமரத்தில் கடவுள் உறைகிறது. யாரும் அதன் வழியாக எங்கும் போவதில்லை. டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாட்டில் ஒரு மரத்தில் புகுந்து இன்னொரு மரத்தில் வெளிவரும் மந்திரம் உண்டு. அதுவும் ஒரே உலகத்துக்குள் நடப்பது.

சரி, ‘கடவு’ ஏன்? போர்ட்டல் என்பது வாயிலைக் குறிக்கும் ‘போர்ட்டா’ என்ற லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. அதன் அடிவேருக்குக் கடத்தல், ஊடுருவிச் செல்லுதல் என்று பொருள் சொல்கிறார்கள். இணையத்தில் ‘வலைவாசல்’ இருக்கும்போது ‘வாசல்மரம்’ ஆகாதா என்று கேட்கலாம். ஆகாது. வாசல்மரம் என்றால் வீட்டு வாசலில் நிற்கும் மரம் என்றுதான் காதில் விழும். மேலும் ‘இல்வாய்’ என்பதே இலக்கணப்போலியாகத் திரும்பி ‘வாயில்’ ஆயிற்று; அந்தச் சொல்லுக்குள்ளேயே ஒரு வீடு இருக்கிறது. நமக்கு வேண்டியது வீடில்லாத வழி. ‘கட’ என்ற வினையிலிருந்து வரும் கடவு அதைத் தருகிறது. கடவுச்சீட்டு, கடவுச்சொல் இரண்டும் எல்லோருக்கும் தெரியும். இலங்கையில் பாதசாரிக் கடவை அன்றாடப் பேச்சு.

எந்த மரம் கடவாகும் என்பதற்குத் தமிழிலேயே ஓர் அழகான அளவுகோல் இருக்கிறது. அகத்தில் காழ் உள்ளதை மரம் என்றும் புறத்தில் காழ் உள்ளதைப் புல் என்றும் தொல்காப்பிய மரபியல் பிரிக்கிறது. அதன்படி பனையும் மூங்கிலும் புல். காழ் என்பது நாம் வைரம் என்கிறோமே, அந்த நடுக்கட்டை. அது செத்த திசு. பூஞ்சை அதைத் தின்று பொந்தாக்கினாலும், பட்டைக்கு அடியில் உயிருள்ள பகுதி நீரையும் உணவையும் கடத்திக்கொண்டே இருக்கும், மரம் தளிர்க்கும். ஆள் நுழையும் அளவுக்கு உள்ளே வெற்றிடம், சுற்றிலும் உயிர். கடவு திறக்க இதைவிடப் பொருத்தமான இடம் ஏது? கதை எழுதுபவர்கள் மந்திரத்தைச் சேர்க்கும் முன் இந்தப் பொந்தை நன்றாகப் பார்த்து எழுத வேண்டும் என்பது என் விருப்பம்.

கூடவே சில சொற்கள். மறுபக்கத்து மரத்தை ‘இணைமரம்’ எனலாம். கடவு திறக்கும், அடைபடும். மரம் செத்து வழி நிரந்தரமாகப் போய்விட்டால், ‘கடவு மூடியது’ என்று எழுத வேண்டாம். மரத்துக்கென்றே உள்ள சொல் இருக்கிறது. “அவள் திரும்பி வருவதற்குள் கடவுமரம் பட்டுப்போயிருந்தது.”