கீஷ்: சொல்லும் பொருளும் தமிழும்

கீஷ் (பெயர்ச்சொல்): உதிரும் தன்மையுள்ள மாவால் ஆழம் குறைந்த கிண்ணம் செய்து, அதில் முட்டையும் பாலேடும் (கிரீம்) சேர்த்து அடித்த கலவையை ஊற்றி, புகையூட்டிய பன்றியிறைச்சித் துண்டுகளோடு சூட்டடுப்பில் சுட்டெடுக்கும் உப்புச்சுவைப் பண்டம். பெரிய வட்டமாகச் சுட்டு, துண்டுகளாக அரிந்து உண்பது இதன் பழைய வடிவம். இரு விரல்களால் எடுத்து ஒரே வாயில் போட்டுக்கொள்ளும் அளவில் செய்து, விருந்தின் தொடக்கத்தில் பரிமாறுவது பிந்தைய வடிவம். இந்தச் சிறு வடிவத்தை ‘சீஸ் பேக்கன் பேஸ்ட்ரி’ என்று எழுதிவிடுவது எளிது. ஆனால் அந்தப் பெயரின் மூன்று சொற்களும் தமிழ் வாசகரை மூன்று திசைகளில் வழிதவறச் செய்யும்.

முதலில் எழுத்து. இது பிரெஞ்சுச் சொல். முதல் உயிர் நெடில், இறுதி ஒலி ஷகரம். கிரந்த எழுத்தைத் தவிர்க்க விரும்புவோர் ‘கீச்’ என்று எழுதலாம். ஆனால் தமிழில் கீச்சென்பது பறவையின் குரல், இப்போது இணையக் குறும்பதிவின் பெயரும்கூட. உணவின் பெயரைப் படிக்கையில் குருவி நினைவுக்கு வருவதைவிட ஒரு கிரந்த எழுத்தைப் பொறுத்துக்கொள்வது மேல் என்பது என் கருத்து.

சொல் பிறந்த இடம் பிரான்சின் வடகிழக்கில் உள்ள லொரேன். ஜெர்மனியின் எல்லையை ஒட்டிய அந்த நிலம் 1766 வரை தனிக் கோமகநாடாக இருந்தது. அதற்குப் பின்னும் அதன் ஒரு பகுதி 1871 முதல் 1918 வரை ஜெர்மானியப் பேரரசின் கீழ்ச் சென்று திரும்பியது. அங்கே பிரெஞ்சும் ஜெர்மானியக் கிளைமொழிகளும் அடுத்தடுத்த ஊர்களில் பேசப்பட்டன. ஜெர்மன் மொழியில் கேக்கைக் குறிக்கும் ‘கூகன்’ என்ற சொல், அந்த வட்டாரப் பேச்சில் குறுமைப் பொருள் ஏற்று, உயிரொலி இகரமாகத் திரிந்து, பிரெஞ்சுக்காரர் நாவில் ‘கீஷ்’ ஆனது என்பதே அகராதிகள் பொதுவாக ஏற்கும் வரலாறு. அந்தக் கோமகநாட்டின் தலைநகராக இருந்த நான்சியில் 1605-ஆம் ஆண்டுக் கணக்கேடு ஒன்றிலேயே இச்சொல் பதிவாகியிருக்கிறது. ஆங்கிலத்தின் ‘கேக்’கும் இதே ஜெர்மானியக் குடும்பத்தைச் சேர்ந்தது; ‘குக்கி’ டச்சு மொழி வழியாக வந்த உறவு. ஆக, உப்பும் புகையும் மணக்கும் இப்பண்டத்தின் பெயருக்கு வேர்ப்பொருள் ‘சிறு கேக்’ என்பதாகும்.

இதில் வியக்க ஒன்றுமில்லை. நம் பணியாரமும் வெல்லம் சேர்த்தால் இனிப்பாகவும், வெங்காயமும் மிளகாயும் சேர்த்தால் காரமாகவும் ஒரே பெயரோடு இருக்கிறது. மாவின் வடிவத்துக்கு இடப்பட்ட பெயர் சுவையைப் பொருட்படுத்துவதில்லை. கேக் என்றால் இனிப்பு என்று நாம் இறுக்கிப் பிடித்துக்கொண்டிருப்பது பிற்காலப் பழக்கம்.

இனி, பாலாடைக்கட்டி. லொரேன் கீஷின் மரபான செய்முறையில் பாலாடைக்கட்டியே கிடையாது. முட்டை, பாலேடு, புகையூட்டிய பன்றியிறைச்சி, மாவு ஆகிய நான்கோடு அது முடிந்துவிடுகிறது. மிகப் பழைய நாட்களில் அந்த மாவும் ரொட்டிக்குப் பிசைந்ததிலிருந்து எடுத்ததாகவே இருந்தது. முட்டையும் பாலேடும் சேர்ந்த கலவைக்கு அவ்வூரார் ‘மிகேன்’ என்று தனிப்பெயரே வைத்திருக்கிறார்கள். பண்டத்தின் உயிர் எதில் இருக்கிறது என்பதை அந்தப் பெயரே காட்டிவிடுகிறது. கிரூயேர் போன்ற கட்டிகளைத் துருவிச் சேர்ப்பது பிறகு பரவிய வழக்கம். அப்படிச் சேர்த்ததைப் பக்கத்து மலைப்பகுதியின் பெயரால் ‘வோழ் கீஷ்’ என்றும், வெங்காயம் சேர்த்ததை ‘அல்சாஸ் கீஷ்’ என்றும் பிரித்துச் சொல்வோர் உண்டு. ஆகவே ‘சீஸ்’ என்ற சொல்லைத் தலைப்பின் முதலில் நிறுத்தும் பெயர், விருந்தாளியை வீட்டுக்காரர் ஆக்கிவிடுகிறது.

‘சீஸ்’ இலத்தீனின் ‘காசெயுஸ்’ என்பதிலிருந்து வந்தது. பாலில் உள்ள கேசீன் என்னும் புரதத்தின் பெயரும் அதே வேரினது. பிரெஞ்சு ‘ஃப்ரொமாழ்’ வேறு வழியில் வந்தது: அச்சில் இட்டு வடிவம் கொடுத்தது என்று பொருள்படும் இலத்தீன் தொடரின் எச்சம் அது. தமிழில் நிலைபெற்றுவிட்ட ‘பாலாடைக்கட்டி’ பொருளளவில் சற்றுப் பிசகானது. காய்ச்சிய பாலின் மேல் படியும் கொழுப்புத் திரைக்கே பாலாடை என்று பெயர். சீஸோ, பாலைத் திரையச் செய்து நீரை வடித்து இறுக்கிய திரட்டு. ‘பாற்கட்டி’ என்பது குறுகியது, பொருளுக்கும் பொருந்துவது. பழகிய சொல்லை யாரும் கைவிட வேண்டியதில்லை. ஆனால் பாலேடும் சீஸும் அடுத்தடுத்த வரிகளில் வரும் இது போன்ற செய்முறையில், இரண்டையும் குழப்பாத சொல்லாக ‘பாற்கட்டி’யையே நான் எடுத்துக்கொள்கிறேன்.

‘பேக்கன்’ பழைய ஜெர்மானிய மொழியில் முதுகைக் குறித்த சொல். பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குள் நுழைந்தது. லொரேன்காரர் தம் கீஷுக்கு வாங்குவதோ முதுகு அல்ல, பன்றியின் வயிற்றுப் பக்கத்துக் கொழுப்பிறைச்சி. பிரெஞ்சுக் கசாப்புக்கடையில் அதற்கு ‘மார்பு’ என்று பெயர். அதைச் சுண்டுவிரல் தடிமனில் குச்சிகளாக அரிந்தால் ‘லார்தோன்’ ஆகும். தமிழில் பேக்கனுக்கு வெறும் ‘பன்றியிறைச்சி’ என்று எழுதினால் படிப்பவர் பச்சை இறைச்சியை வாங்கி வந்துவிடுவார். இங்கே நமக்குச் சொல் தேடும் வேலையே இல்லை: உப்பிட்டுப் பதப்படுத்திய இறைச்சிக்கு ‘உப்புக்கண்டம்’ நெடுங்காலமாக இருக்கிறது. நம் ஊர் உப்புக்கண்டம் பெரும்பாலும் ஆட்டிறைச்சி, வெயிலில் உலர்ந்தது; இது பன்றியிறைச்சி, புகையில் உலர்ந்தது. ‘புகையூட்டிய பன்றி உப்புக்கண்டம்’ என்றால் எதுவும் விடுபடாது.

‘பேஸ்ட்ரி’யே மூன்றிலும் அதிகம் ஏமாற்றுவது. தமிழ்நாட்டு பேக்கரியில் பேஸ்ட்ரி கேட்டால், மேலே கிரீம் பூசிய முக்கோணக் கேக் துண்டைத் தட்டில் வைப்பார்கள். ஆங்கிலத்தில் அது முதலில் மாவையும் மாவால் ஆன பண்டங்களையும் குறிப்பது. ‘பேஸ்ட்’, பிரெஞ்சு ‘பாத்’, இத்தாலிய ‘பாஸ்தா’ எல்லாம் ஒரே குடும்பம். அந்தப் பொருளில் நம் பேக்கரிகளின் உண்மையான பேஸ்ட்ரி, மாலையில் சூடாக விற்கும் முட்டை பஃப்ஸ்தான்.

கீஷுக்கு வேண்டிய மாவு பஃப்ஸ் மாவைப் போல அடுக்கடுக்காக எழும்புவதும் அன்று. பிரெஞ்சில் அதை ‘உடைத்த மாவு’ என்கிறார்கள். 250 கிராம் மைதாவில் 125 கிராம் குளிர்ந்த வெண்ணெயைத் துண்டுகளாக இட்டு, கால் தேக்கரண்டி உப்பும் சேர்த்து, விரல்நுனியால் உடைத்து உடைத்து ரவை போல ஆக்குவதிலிருந்து அந்தப் பெயர். வெண்ணெய் மாவுத் துகள்களைப் போர்த்திக்கொள்வதால், நீர் பட்டதும் உருவாகும் இழுவைப் புரதவலை குறைகிறது. அதனால்தான் சுட்டபின் மாவு சப்பாத்தி போல இழுபடாமல் பொலபொலவென்று உதிர்கிறது. தமிழில் ‘உதிர்மாவு’ என்று சொல்லிப் பாருங்கள், செய்முறையும் பயனும் ஒரே சொல்லில் அடங்கிவிடும். 50 முதல் 60 மில்லிலிட்டர் குளிர்நீர் தெளித்து, பிசையாமல் திரட்டி, அரை மணி நேரம் குளிர்பெட்டியில் வைக்க வேண்டும். சப்பாத்திக்குப் பிசைந்து பழகிய கை இங்கே அடங்கியிருப்பது கடினம்.

திரட்டிய மாவை மெல்லியதாகத் தேய்த்து, ஏறத்தாழ 7 சென்டிமீட்டர் வட்டங்களாக வெட்டி, சிறு குழிகள் உள்ள மஃபின் தட்டில் பொதிந்தால் சுமார் 24 கிண்ணங்கள் வரும். முள்கரண்டியால் அடியைக் குத்திவிட்டு, 190 பாகை செல்சியஸில் எட்டுப் பத்து நிமிடம் நிரப்பாமலேயே சுடுவதை ஆங்கிலத்தார் குருட்டுச் சுடுதல் என்பர். தமிழில் ‘வெறுங்கூடாகச் சுடுதல்’ போதும். இதைத் தவிர்த்தால் கலவையின் ஈரம் ஊறி அடி நமுத்துவிடும். இதற்குள் 120 கிராம் உப்புக்கண்டக் குச்சிகளை எண்ணெய் விடாமல் வாணலியில் வதக்கி, கொழுப்பு உருகியதும் வடித்து, கிண்ணங்களில் பங்கிட்டு, விரும்பினால் 60 கிராம் துருவிய பாற்கட்டியைத் தூவலாம். 2 முட்டையை 200 மில்லிலிட்டர் பாலேட்டுடன் நுரை எழாமல் கலக்கி, மிளகுத்தூளும் சிட்டிகை சாதிக்காய்த்தூளும் சேர்த்து, முக்கால் அளவுக்கு ஊற்ற வேண்டும். உப்பு தனியாக வேண்டாம். உப்புக்கண்டத்திலும் பாற்கட்டியிலும் இருப்பதே மிகுதி. மீண்டும் 15 முதல் 18 நிமிடம். நடுப்பகுதி இலேசாகத் தளும்பும்போதே எடுத்துவிடுவது நல்லது, ஏனெனில் முட்டையும் பாலேடும் சேர்ந்த கலவை 80 பாகையை ஒட்டி உறைந்துவிடும். அதற்கு மேல் வெகுவாகச் சூடேறினால் திரிந்து நீர்விடும்.

தமிழில் இப்பண்டத்தை என்னவென்று அழைப்பது? ‘முட்டை அப்பம்’ என்றால் ஈழத்தவர் உடனே வேறொன்றை நினைப்பர். நடுவில் முட்டை உடைத்து ஊற்றிய ஆப்பம் அங்கே அப்பெயரோடு வேரூன்றியது. ‘அடுமனைப் பண்டம்’ என்பதும், ஈழத்து வழக்கில் ‘வெதுப்பகப் பண்டம்’ என்பதும் பிறந்த இடத்தைச் சொல்கின்றனவே ஒழியப் பண்டத்தைச் சொல்லவில்லை. மேலும் அடுதல் என்பது எல்லாச் சமையலுக்கும் பொது. ‘சிற்றுண்டி’ இட்டிலியையும் உள்ளடக்கும். இடியாப்பத்தையும் பணியாரத்தையும் வேற்றுமொழியார் பெயர் மாற்றாமல் எழுத வேண்டுமென்று நாம் எதிர்பார்ப்பது போல, கீஷையும் கீஷ் என்றே எழுதி, முதல் முறை வரும்போது ‘முட்டைப்பாலேடு நிரப்பிய உதிர்மாக் கிண்ணம்’ என்று விளக்கம் தருவதே முறை. சிறு வடிவத்துக்கு ‘ஒருவாய்க் கீஷ்’ பொருத்தமானது. ஒரு கவளம், ஒரு வாய் என்று சோற்றுக்கு நாம் சொல்லும் அளவே இதற்கும் அளவு. விருந்துக்கு முந்திய பண்டங்களின் பொதுப்பெயர் தேவைப்படும் இடத்தில் ‘முன்னுணவு’ என்பதைப் பயன்படுத்தலாம். ‘பசியூட்டி’ மருந்துக்கடை வாசனை அடிக்கும் சொல்.

உப்புக்கண்டத்துக்கு மாற்றாகக் காளானையோ கீரையையோ வதக்கி இட்டாலும் கீஷ் கீஷ்தான். மிகேனும் உதிர்மாவும் இருந்தால் அந்தப் பெயருக்குப் போதும். ஆனால் அப்போது ‘லொரேன்’ என்ற அடைமொழியை எடுத்துவிட்டு, ‘காளான் கீஷ்’, ‘கீரைக் கீஷ்’ என்று எழுத வேண்டும்.