வலையை அறுத்துவிட்ட வேராவல் மீனவர்கள்

குஜராத்தின் சௌராஷ்டிரக் கரையில் 1990களில் திமிங்கிலச் சுறாவைப் பெரிய இரும்புக் கொக்கியால் குத்திப் பிடித்தார்கள். கொக்கிக் கயிற்றில் காலிப் பீப்பாய்களைக் கட்டியிருப்பார்கள். அவை மேலே இழுத்துக்கொண்டே இருப்பதால் மீனால் ஆழத்துக்குப் போக முடியாது. களைத்து ஓய்ந்ததும் கரைக்கு இழுத்து வருவார்கள்.

முக்கியமாக ஈரலுக்காகத்தான் இந்த வேட்டை. சுறாக்களுக்குக் காற்றுப்பை கிடையாது; நீரைவிட லேசான எண்ணெய் நிறைந்த பெரிய ஈரல்தான் அவை மூழ்காமல் தாங்குகிறது. அந்த எண்ணெயை மரப்படகில் பூசினால் தண்ணீர் கசியாது. பிறகு இறைச்சிக்கும் வெளிநாட்டில் விலை கிடைத்ததால் வேட்டை பெருகியது.

உலகிலேயே பெரிய மீனான இது, 12 மீட்டருக்கும் மேல் வளரும். ஆனால் தின்பதோ மிதவை உயிரிகளையும் மீன் முட்டைகளையும். வாய் நிறைய நீரை வாங்கி, செவுளை ஒட்டிய சல்லடைத் திசுவில் வடிகட்டிக்கொள்கிறது. 1995இல் தைவானில் பிடிபட்ட ஒரு பெண் சுறாவின் வயிற்றில் சுமார் 300 குட்டிகள் இருந்தன. அதற்காக, பிடிக்கப் பிடிக்கப் பெருகிவிடும் என்று நினைக்கக் கூடாது. குட்டிகளில் பெரும்பாலானவை பிழைப்பதில்லை; பிழைத்தவை இனப்பெருக்க வயதை எட்ட இருபது, முப்பது ஆண்டுகள்கூட ஆகும்.

2001இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில், அதாவது வேட்டையாடத் தடையுள்ள உயிரினங்களின் பட்டியலில், இதைச் சேர்த்தார்கள். ஆனால் நடுக்கடலில் சட்டத்தை யார் காவல் காப்பது? 2004இல் இந்திய வனவிலங்கு அறக்கட்டளை, குஜராத் வனத்துறை, டாடா கெமிக்கல்ஸ் ஆகியவை சேர்ந்து மீனவர்களிடமே போயின. ராமகதை சொல்லும் மொராரி பாபு, இந்தச் சுறா பிரசவத்துக்குத் தாய்வீடு வரும் மகள் என்று எடுத்துச் சொன்னார். அது அந்தக் கரையிலுள்ள வேராவல் துறைமுக மீனவர் மனத்தில் தைத்தது.

மனம் இளகினாலும் வலை விலை இறங்காது. சிக்கிய சுறாவை விடுவிக்க வலையை அறுத்தே ஆகவேண்டும். அந்த நட்டத்தை வனத்துறை ஈடுகட்டியது. முதலில் அதிகாரிகள் நேரில் வந்து பார்க்கும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. வலைக்குள் அசைய முடியாத மீனின் செவுளில் நீரோட்டம் குறையும்; தாமதம் அதன் உயிரைப் பறித்துவிடும். பிறகு மீனவர் கையிலேயே கேமராவைக் கொடுத்தார்கள். படம் எடுத்துவிட்டு உடனே அறுத்துவிடலாம். இத்திட்டத்தின் உண்மையான உயிர்நாடி இந்த ஏற்பாடுதான் என்பேன். இதுவரை 800க்கும் மேற்பட்ட சுறாக்கள் கடலுக்குத் திரும்பியிருக்கின்றன.

மற்ற சுறாக்களுக்கு இந்தப் பரிவு இன்னும் எட்டவில்லை. நம் சந்தையில் புட்டுக்காகப் பால்சுறா என்று வாங்குவதில் பெரிய இனங்களின் குட்டிகளும் கலந்திருக்கின்றன. அவற்றை உயிரோடு விடும் மீனவருக்கும் ஈட்டுத்தொகை கிடைக்க வேண்டும்.