மா இல்லாத வட்டலப்பக் கேக்: யார் சாப்பிடலாம், யார் யோசிக்க வேண்டும்

நுவரெலியா, ஹட்டன் பக்கம் வீட்டிலிருந்தே கேக் செய்து விற்கிறவர்கள் கூடிவிட்டார்கள். நல்ல விஷயம்தான். ஆனால் அவர்களுடைய விளம்பரங்களில் 'தானியமில்லாதது' என்று ஒரு வரி வந்ததிலிருந்து எனக்கு விளக்கம் சொல்லும் வேலை கூடியிருக்கிறது. சீனி வருத்தத்துக்கு மருந்தெடுக்கும் ஓர் அம்மா, பேத்தியின் பிறந்தநாள் கேக்கில் இரண்டு துண்டு சாப்பிட்டதைச் சொன்னார். "அதுல மாவே இல்லயாம் மிஸ், கித்துள் கருப்பட்டி தானாம். ஒன்னும் செய்யாதாம்." மா இல்லை என்பது உண்மை. ஆனால் கித்துள் என்ற பனைவகையின் கருப்பட்டியில் பெரும்பகுதி சுக்ரோஸ், கடைச் சீனியில் இருக்கிற அதே சங்கதி.

கேக்கைக் குறை சொல்ல மனம் வரவில்லை. ஸ்பெயினின் சாந்தியாகோ கேக் பாதாம் தூள், முட்டை, சீனி, எலுமிச்சைத் தோல் இவற்றால் ஆனது. நம் நாட்டில் முஸ்லிம் வீடுகளில் பெருநாளைக்குச் செய்யும் வட்டலப்பத்தில் முட்டை, தேங்காய்ப்பால், கித்துள், ஏலக்காய். இரண்டிலும் ஆதியிலிருந்தே தானியம் கிடையாது. அதனால் இரண்டையும் ஒன்றாக்கி வட்டலப்பக் கேக் செய்யும்போது எதற்கும் மாற்றுப்பொருள் தேட வேண்டியதில்லை. பாதாம் விலைக்குப் பயந்து நான் கஜு (முந்திரிப்பருப்பு) போடுகிறேன், ருசியும் வட்டலப்பத்துக்கு நெருங்கி வரும்.

23 சென்டிமீட்டர் தட்டுக்கு 250 கிராம் கஜு, 5 முட்டை, 200 கிராம் கருப்பட்டி, 100 மில்லிலீற்றர் கட்டித் தேங்காய்ப்பால், ஏலக்காய், துளி சாதிக்காய், துருவிய தேசிக்காய்த் தோல். கஜுவை இடையிடையே நிறுத்தி நிறுத்தி அரையுங்கள், தொடர்ந்து ஓட்டினால் எண்ணெய் விட்டுக் களியாகிவிடும். கருப்பட்டியைத் தேங்காய்ப்பாலில் சிறு தீயில் கரைத்து, துணியில் வடித்து, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிட்ட பிறகுதான் மஞ்சள் கருவில் ஊற்ற வேண்டும். அதில் கஜுத் தூளையும் வாசனைப் பொருட்களையும் கலந்து, அடித்த வெள்ளைக் கருவைக் கடைசியில் மெதுவாகச் சேருங்கள்.

வெள்ளைக் கருவில்தான் மலைநாட்டின் சூட்சுமம் இருக்கிறது. நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து 1,868 மீட்டர் உயரம். காற்றழுத்தம் குறைவதால் நுரைக்குள் அடைபட்ட காற்று கூடுதலாக விரியும். பிடித்து வைக்கக் கோதுமையின் பசைப் புரதமான குளூட்டனும் இல்லாததால் கேக் பொங்கி எழுந்து, நடுவில் குழி விழும். கொழும்புக்காரர் வீடியோவைப் பார்த்து விறைப்பாக அடித்தால் இதுதான் கதி. அடிப்பானைத் தூக்கும்போது நுனி வளைந்து தலை சாய வேண்டும், அந்த இடத்தில் நிறுத்துங்கள். (இங்கே தண்ணீர் ஏறக்குறைய 94 பாகை செல்சியஸிலேயே கொதித்துவிடும், வட்டலப்பம் அவிய நேரமெடுப்பதும் அதனால்தான்.) 170 பாகையில் முக்கால் மணித்தியாலம் அளவில் வேகும். முட்டைப் பண்டம் என்பதால் நடுப்பகுதி 71 பாகையைத் தொட வேண்டும். சமையல் வெப்பமானி ஒன்று வாங்கி வைத்தால் ஊகிக்கத் தேவையில்லை.

விற்பனைக்குச் செய்கிறவர்களுக்கு ஒரு வார்த்தை. தானியம் பின்வாசலால் நுழையும். பேக்கிங் பவுடரில் பெரும்பாலும் சோளமா இருக்கும். சாந்தியாகோ கேக்கின் மேல் தூவும் ஐசிங் சீனியிலும் அநேகமாக அதுதான். கேக் ஒட்டாமலிருக்கத் தட்டில் கோதுமை மா தூவும் பழக்கம் கையோடு வந்தது, யோசிக்காமலே தூவிவிடுவோம். எல்லாவற்றையும்விட மில்லுக்குத்தான் நான் பயப்படுகிறேன். கோதுமை அரைத்த கல்லிலேயே கஜுவைப் போட்டால், குளூட்டனால் குடல் பாதிக்கப்படும் சீலியாக் நோயாளிக்கு அந்தக் கேக் ஆகாது. 'குளூட்டன் அற்றது' என்று சொல்ல கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவுத் தர அமைப்பு விதிக்கும் எல்லை கிலோவுக்கு 20 மில்லிகிராம். அதைத் தாண்டக் கொஞ்ச மா போதும்.

சீலியாக் உள்ளவருக்கு ஆகாதவை கோதுமை, பார்லி, ரை. அரிசியும் குரக்கனும் தானியம்தான், ஆனால் கோதுமை கலக்காமல் அரைத்திருந்தால் அவர் தாராளமாகச் சாப்பிடலாம். சோற்றையும் விட்டுவிட்டு பாதாம் மாவுக்குக் காசு கொட்டுகிற குடும்பங்களைப் பார்த்தால் கவலையாக இருக்கிறது. வயிறு உப்புகிறது என்று தாமாகவே ரொட்டியையும் பாணையும் நிறுத்திவிட்டு வருகிறவர்களும் உண்டு. நிறுத்திய பிறகு இரத்தம் சோதித்தால் நோய் இருந்தும் இல்லையென்று வரக்கூடும். சந்தேகம் இருந்தால் அவற்றை நிறுத்தாமலே போய் வைத்தியரைப் பாருங்கள்.

கஜு ஒவ்வாமை உள்ள பிள்ளைக்கு இந்தக் கேக் ஆபத்து. பிஸ்தாவுக்கு ஒவ்வாமை இருந்தாலும் கஜுவைத் தவிர்ப்பதே புத்தி. பிறந்தநாள் வீட்டில் இதை வாய்விட்டுச் சொல்ல வேண்டும், கேக்கைப் பார்த்து யாருக்கும் கஜு என்று தெரியாது.

சீனி வருத்தக்காரருக்கு என் கணக்கு இது. மேலே சொன்ன கேக்கைப் பன்னிரண்டாக வெட்டினால் ஒரு துண்டில் ஏறக்குறைய 17 கிராம் கருப்பட்டி. 2,000 கலோரி சாப்பிடும் ஒருவருக்கு, சேர்க்கும் சீனி எல்லாமாக நாளுக்கு 50 கிராமுக்குள் இருக்க வேண்டும், 25 கிராமுக்குள் இருந்தால் இன்னும் நல்லது என்கிறது உலக சுகாதார நிறுவனம். இனிப்புப் பிளேன்டீயையும் அதில் சேருங்கள். கஜுவிலும் 100 கிராமுக்கு 30 கிராம் அளவில் மாச்சத்து உண்டு. அந்த அம்மாவுக்கு நான் சொன்னது: அரைத் துண்டு, அன்றைக்குத் தேத்தண்ணிக்குச் சீனி வேண்டாம்.

மிஞ்சினால் குளிர்சாதனப் பெட்டிக்குள் வையுங்கள், மூன்று நாளுக்குள் முடியுங்கள். ஊரே குளிர்தானே என்று மேசையில் மூடி வைக்கும் வழக்கம் நம்மிடம் இருக்கிறது. தேங்காய்ப்பாலும் முட்டையும் சேர்ந்த பண்டத்துக்கு நுவரெலியாக் குளிர் போதாது.