பஹாதா: பாலைவன மலைகளோட அடிவாரத்துக்கு ஒரு பேரு

அமெரிக்காவுல நெவாடா, அரிசோனா, தென்கிழக்கு கலிஃபோர்னியா பக்கம் மேப்பைத் திறந்து பாத்தீங்கன்னா, ஒரே பெரிய மலைத்தொடரா இல்லாம சின்னச் சின்னத் தொடரா நூத்துக்கணக்குல, பெரும்பாலும் வடக்கு தெற்கா கிடக்கும், ரெண்டு தொடருக்கு நடுவுல ஒரு தட்டையான பள்ளத்தாக்கு இருக்கும். அந்த மலை முடியற எடத்துக்கும் தட்டைத் தரைக்கும் நடுவுல கிலோமீட்டர் கணக்குல லேசா சாஞ்சுகிட்டே போற ஒரு நிலம் இருக்கு, அதுக்குப் பேருதான் பஹாதா.

ஸ்பானிஷ் சொல், எழுதுறது bajada. எழுத்தைப் பாத்துட்டு நெறைய பேர் பஜாடான்னு படிக்கிறாங்க, ஆனா ஸ்பானிஷ்ல அந்த j எழுத்துக்கு ஹ மாதிரிதான் ஒலி. பஹார்னா இறங்குறது, பஹாதான்னா இறக்கம், அவ்வளவுதான். பாஹா கலிஃபோர்னியான்னு மெக்சிகோவுல ஒரு நீள தீபகற்பம் இருக்கே, அதுல வர்ற பாஹாவும் (கீழ்ப்பக்கம்னு அர்த்தம்) இதே வேர்தான். ஊர்க்காரங்க சாதாரணமா பேசிட்டிருந்த சொல்லை நிலவியல் கலைச்சொல்லா எழுத்துல கொண்டுவந்தவர் நிலவியலாளர் சைரஸ் டோல்மன், 1909-ல தெற்கு அரிசோனா பத்தி அவர் எழுதின கட்டுரையில.

இது எப்படி உருவாகுதுன்னா, அந்தப் பகுதியில பூமியோட மேலோடு ஒண்ணே முக்கால் கோடி வருஷமா கிழக்கு மேற்கா இழுபட்டுகிட்டு இருக்கு, இழுபட இழுபட வெடிச்சு சில துண்டு கீழ எறங்குது, சிலது மேல நிக்குது, மேல நிக்கிறது மலை, எறங்குனது பள்ளத்தாக்கு. மழை எப்பவாவதுதான், ஆனா பெஞ்சா ஒரே அடியா இடி மழை, மலை இடுக்குல காட்டாறா பொங்கி பாறாங்கல்லையெல்லாம் உருட்டிகிட்டு வரும். இடுக்கை விட்டு வெளிய வந்ததும் தண்ணி பரவிடும், வேகம் செத்துடும், தூக்கிட்டு வந்ததை அங்கயே போட்டுரும். பெரிய கல்லு இடுக்கு வாயிலேயே, அப்புறம் சரளை, அப்புறம் மணல், பொடி மண்ணும் உப்பும் மட்டும் கடைசி வரை போய் பள்ளத்தாக்கு நடுவுல வறண்டுபோன ஏரித்தரையா படியும் (அந்த உப்புத்தரைக்கு பிளாயான்னு பேரு). ஒவ்வொரு இடுக்கு வாய்லயும் இப்படி விசிறி மாதிரி விரிஞ்ச ஒரு படிவு, அதுக்குப் பேரே விசிறிதான், பக்கத்து விசிறிங்க வளர்ந்து ஒண்ணோட ஒண்ணு சேர்ந்து மலை நெடுக ஒரே சரிவா ஆகிட்டா அதுதான் பஹாதா. ஒத்தையா நிக்கிறதுக்குப் பேரு விசிறி மட்டும்தான், இதை ரெண்டையும் குழப்பிக்கக் கூடாது.

முக்கியமான விஷயம், இங்க பெரும்பாலான பள்ளத்தாக்குல இருந்து கடலுக்குப் போற ஆறே கிடையாது. இடிஞ்சு விழுறது எல்லாம் அங்கயே தங்கிடுது, அதனால மலைங்க தன்னோட இடிபாட்டுலயே கொஞ்சம் கொஞ்சமா புதைஞ்சுகிட்டு வருது.

இதைப் பளிச்சுனு பாக்கணும்னா கலிஃபோர்னியாவுல இருக்கிற டெத் வேலி பள்ளத்தாக்குதான். கிழக்குப் பக்கம் கருப்பு மலைகள் மேல டான்டே வியூன்னு ஒரு எடம், அங்க நின்னா நேர் கீழ பேட்வாட்டர் உப்புத்தரை, கடல் மட்டத்துக்கு 86 மீட்டர் கீழ. எதிர்ல பனமின்ட் தொடர், அதோட உச்சி டெலஸ்கோப் பீக் 3,368 மீட்டர். அந்த மேற்குப் பக்க அடிவாரத்துல விசிறிங்க பிரம்மாண்டமா ஒண்ணா சேர்ந்து அசல் பஹாதாவா கிடக்கு. உங்க காலுக்குக் கீழ இருக்கிற கிழக்கு அடிவாரத்துலயோ விசிறிங்க குட்டியா, செங்குத்தா, தனித்தனியா இருக்கு. காரணம் என்னன்னா பள்ளத்தாக்குத் தரை கிழக்குப் பக்கமா சாஞ்சு இறங்கிகிட்டே இருக்கு, அந்தப் பக்க விசிறிங்க வளர வளர அதோட நுனி உப்புச் சேத்துல புதைஞ்சுடுது. இன்னொண்ணும் கவனிங்க, விசிறி மேல கருப்பா தெரியற பகுதி ரொம்ப காலமா வெள்ளமே தொடாத பழைய பரப்பு, கல்லு மேல மாங்கனீசும் இரும்பும் மெல்லிசா படிஞ்சு கருத்துருக்கும், வெளிர் கோடுகள் சமீபத்துல வெள்ளம் ஓடுன தடம். ஆக எங்க ரோடு போடலாம், எங்க கூடாரம் அடிக்கக் கூடாதுன்னு நிறமே சொல்லிடும். 2022 ஆகஸ்ட் 5-ம் தேதி டெத் வேலிக்குள்ள இருக்கிற ஃபர்னஸ் க்ரீக்ல 37 மில்லிமீட்டர் மழை, நமக்கு அது ஒரு சாயங்கால மழை, அங்க வருஷ மழையில பாதிக்கு மேல, ரோடெல்லாம் கல்லும் சேறும் மூடி சுமார் 1,000 பேர் வெளிய வர முடியாம மாட்டிகிட்டாங்க.

அரிசோனாவுல டூசான் மலைகள் பக்கம் போனா இதே சரிவுல செடிகொடி வரிசையைப் பாக்கலாம். மேல கல்லு அதிகம், தண்ணி உள்ள எறங்கும், அங்கதான் அந்த ஆளுயரத்தைத் தாண்டி பல மடங்கு வளர்ற சகுவாரோ கள்ளி நிக்கும். கீழ பொடி மண்ணு, அங்க கிரியோசோட் புதர்தான் ஜாஸ்தி. சில எடத்துல மண்ணுக்கடியில சுண்ணாம்பு இறுகி நம்ம சுக்கான்கல் மாதிரி பாளமா இருக்கும், குழி தோண்ட கடப்பாரை வேணும்.

சரி, தமிழ்ல என்ன சொல்றது. இறக்கம்னு நேரா வைக்கலாம், ஆனா அது எல்லா இறக்கத்துக்கும் பொருந்திடும். அடிவாரம், தாழ்வரை ரெண்டும் நல்ல சொல்லுதான், ஆனா இடத்தை மட்டும்தான் காட்டுது, எதனால ஆனதுன்னு காட்டல. பாடப்புத்தகத்துல ஒத்தை விசிறிக்கு வண்டல் விசிறின்னு இருக்கு, அதை நீட்டி வண்டல் சரிவுன்னு சொல்றதை நான் ஏத்துக்க மாட்டேன், ஏன்னா வண்டல்னா நமக்கு கால் புதையற காவிரிப் படுகை மண்ணுதான் கண்ணு முன்னாடி வரும், இங்க கிடக்கிறதோ கூழாங்கல்லும் பாறாங்கல்லும். படிக்கிற பசங்க தப்பான நிலத்தையே மனசுல வரைஞ்சுடுவாங்க. என்னைக் கேட்டா 'அடிவாரச் சரளைச் சரிவு', ஒத்தையா இருந்தா 'சரளை விசிறி'. சரள்மண் லாரி ஓடாத ஊரே நம்ம பக்கம் இல்ல, யாருக்கும் விளக்கம் சொல்ல வேண்டியதில்ல.

கடைசியா ஒண்ணு, பெடிமென்ட்னு வேற ஒரு சொல்லும் இதே எடத்துல வரும். தூரத்துல இருந்து பாத்தா ரெண்டும் ஒரே மாதிரி சாய்வுதான், ஆனா பெடிமென்ட்ங்கிறது மலைப்பாறையே அரிச்சு தேஞ்சு ஆன தளம், மேல மெல்லிசா சரளை தூவுன மாதிரி இருக்கும், கொஞ்சம் தோண்டினாலே பாறை தட்டும். சரளைச் சரிவுல ஆழத் தோண்டினாலும் சரளைதான் வந்துகிட்டே இருக்கும். அதனால பெடிமென்டுக்கு 'அடிவாரப் பாறைத்தளம்'னு தனியா வெச்சுக்கிட்டா குழப்பம் வராது.