பொன் சில்லும் பலூன் சத்தமும்

புது வீட்டுக்குச் சாமான் ஏற்றுவதற்கு முன்னால், காலி அறையில் நின்று கைதட்டிப் பார்த்திருக்கிறீர்களா? அறையே கணீரென்று முழங்கும். கட்டில், மெத்தை, திரைச்சீலை எல்லாம் வந்து சேர்ந்த பிறகு அதே கைதட்டல் சப்பென்று போய்விடும். துணி ஒலியைக் குடித்துவிடுகிறது, வெற்றுச் சுவர் திருப்பி அனுப்புகிறது. இஸ்தான்புல்லின் ஹாகியா சோபியாவிலும் நடப்பது இதுதான், அளவுதான் பிரம்மாண்டம்.

பைசாந்தியப் பேரரசர் ஜஸ்டீனியனுக்காக ஆந்தேமியஸ், இசிடோர் என்ற இருவர் 532இல் தொடங்கி 537இல் முடித்துக் கொடுத்த தேவாலயம் இது. ஆந்தேமியஸ் சும்மா ஆளில்லை. வளைந்த ஆடிகள் வெயிலை ஒரே இடத்தில் எப்படிக் குவிக்கும் என்று எழுதிவைத்தவர்.

குவிமாடத்தின் அகலம் சுமார் 31 மீட்டர். அதன் அடியில் வளையமாக 40 ஜன்னல்கள். வெயில் பாயும்போது ஜன்னல்களுக்கு நடுவில் உள்ள சுவர்த்துண்டுகள் கண்கூச்சத்தில் கரைந்துவிடும். மாடம் அந்தரத்தில் நிற்பது போலிருக்கும். (முதல் மாடம் 558இல் நிஜமாகவே விழுந்தது. அதைவிட உயரமாக 562இல் மறுபடி கட்டினார்கள்.) வெளிச்சம் வெளியிலிருந்து வருவதாகத் தெரியவில்லை, உள்ளேயே பிறக்கிறது என்கிறார் அக்கால வரலாற்றாசிரியர் புரோகோப்பியஸ். உட்கூரையில் பதித்திருக்கும், பொன் தகடு வைத்த கண்ணாடிச் சில்லுகளின் வேலை அது. சில்லுகள் ஒரே மட்டமாக இல்லாமல் ஆளுக்கொரு பக்கம் சாய்ந்திருக்கும். நாம் ஓரடி நகர்ந்தால் ஒன்று அணையும், பக்கத்தில் இன்னொன்று மினுங்கும்.

சரி, ஒலி? சுவரிலும் தரையிலும் உள்ள பளிங்கும் அந்தக் கண்ணாடிச் சில்லுகளும் அதையும் விழுங்குவதில்லை. உள்ளே சுமார் இரண்டரை லட்சம் கன மீட்டர் காற்று. தரை வெறும் பளிங்காக இருந்தபோது ஒரு சத்தம் அடங்க 10 நொடிக்கு மேல் ஆனது. நல்ல கச்சேரி அரங்கில் 2 நொடி போதும். 10 நொடியில் ஒலி 3.4 கிலோமீட்டர் ஓடிவிடும், அத்தனையும் இந்தச் சுவர்களுக்குள்ளேயே முட்டி முட்டி. வேகமாகப் பேசினால் முதல் வாக்கியம் அடங்குவதற்குள் மூன்றாவது வந்து அதன் மேல் விழும். இழுத்துப் பாடுகிறவருக்கோ கொண்டாட்டம்: போன சுரம் தம்பூரா மாதிரி பின்னால் நிற்க, அடுத்த சுரம் அதில் வந்து சேரும்.

அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் உள்ளே பலூன் வெடிக்கவைத்து, அந்தச் சத்தம் தேய்ந்து மறைவதைப் பதிவு செய்தார்கள். அதைக் கணினியில் ஏற்றி, கலிஃபோர்னியாவில் பாடிய குரல்களை ஹாகியா சோபியாவில் பாடியது போலவே ஒலிக்கவைத்தார்கள். தேவாலயமாகப் பிறந்து, பிறகு பள்ளிவாசலாக மாறிய இந்தக் கட்டடம் அப்போது அருங்காட்சியகம், தரை வெறும் பளிங்கு. 2020இல் மறுபடி பள்ளிவாசலானதும் கம்பளம் விரித்துவிட்டார்கள். கீச்சென்ற மேல் ஒலிகளைத்தான் கம்பளம் அதிகம் குடிக்கும். அடித்தொண்டைக் குரல் இன்னும் மாடம் வரை போய்த் திரும்புகிறது.