பேர் போட்டாச்சா?

அம்மா மலையிலிருந்து இறங்கியதும் அம்மாயி கேட்பது ஒன்றுதான்: "முழுப்பேரா, அரைப்பேரா?" தேயிலைத் தோட்டத்தில் பேர் என்றால் நாட்சம்பளம். கணக்கப்பிள்ளை செக்ரோலில், அதாவது வரவுப் பதிவில், போட்டால்தான் அன்றைக்கு வேலை செய்ததாகக் கணக்கு. நிறுவையில் ஒரு கிலோ குறைந்தாலும் சண்டை பிடிக்கிற அம்மாவுக்குப் பிறந்த நான், 11 வருடம் கமரா தூக்கிய பிறகு ஒரு முழுக் கதையையே பேரில்லாமல் கொடுத்துவிட்டு வந்தேன்.

தலவாக்கலைக்கு மேலே ஒரு குறும்படப் படப்பிடிப்பு. பனி மூடிவிட்டது, வேனுக்குள் அடைந்து கிடந்தோம். பீலிக்கரையில், தோட்டத்தில் தண்ணீர் பிடிக்கிற இடத்தில், நடக்கிற கதையொன்று மனசில் இருந்தது. வாய் சும்மா இருக்கவில்லை, முதல் ஷாட்டிலிருந்து கடைசி ஷாட் வரை சொல்லி முடித்தேன். அடுத்த வருடம் அந்தக் கதை வேறொருவர் பேரில் படமாக வந்தது. ஒளிப்பதிவுக்குக்கூட என்னைக் கூப்பிடவில்லை!

எங்கள் தொழிலில் இப்படி மாட்டுவது லேசு. கதை எங்களுக்குப் படமாகத்தான் வரும். எழுத உட்காருவதைவிட வாயால் சொல்லிவிடலாம். ஆனால் இலங்கையின் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் வெறும் யோசனைக்குப் பாதுகாப்புத் தராது. காட்சிகளாக, உரையாடலாக எழுதிவிட்டால் நிலைமை வேறு. எங்கேயும் பதியத் தேவையில்லை, எழுதியதுமே உரிமை பிறந்துவிடும். எழுதியவர் காலம் முழுக்க, அவர் இறந்து 70 வருடம் வரைக்கும் நிற்கும். ஒன்றை முக்கியமாகக் கவனியுங்கள்: கதையைக் காசுக்கு விற்ற பிறகும், எழுதியவர் என்று பேர் போடச் சொல்லும் உரிமை உங்களிடம்தான் இருக்கும். ஸ்டூடியோவில் மாதச் சம்பளத்துக்கு இருக்கும் தம்பிமார் இன்னும் கவனம். வேலையின் பகுதியாக எழுதியதன் பொருளாதார உரிமை, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதாவிட்டால், முதலாளிக்கே போகும்.

"கமராக்காரனுக்கு எழுத வருமா?" என்று கேட்பவர்கள் உண்டு. மட்டக்களப்பில் 1939இல் பிறந்த பாலு மகேந்திரா, புனேயில் ஒளிப்பதிவு படித்து, மற்றவர்களின் படங்களுக்குக் கமரா பிடித்த பிறகுதான் 1977இல் தன் முதல் படத்தை இயக்கினார். பிறகு தானே எழுதி, தானே ஒளிப்பதிவும் செய்தார்.

எழுதுவதால் கமராவுக்கும் லாபம். 'காலை, வெளி' என்று நான் எழுதுவதில்லை. 'பிரட்டு முடிந்துவிட்டது, வெயில் லயத்துக்கு இறங்கவில்லை' என்று எழுதினால் (பிரட்டு என்றால் காலையில் வேலை பிரித்துக் கொடுப்பது, லயம் என்றால் தொழிலாளர் வரிசை வீடுகள்) எத்தனை மணிக்கு எங்கே நிற்பது என்று முடிவாகிவிடும். வாசலிலிருந்து அடுப்படி வரை ஒரே ஷாட் என்றும் எழுத மாட்டேன். குளிரிலிருந்து காம்பரா, அதாவது லயத்து அறை, சூட்டுக்குள் நேரே போனால் லென்ஸ் வேர்த்துவிடும்; பையை மூடி அரை மணி நேரமாவது வைத்திருக்க வேண்டும்.

போன மாதம் மஸ்கெலியாவிலிருந்து ஒரு தம்பி கோல் எடுத்தான். "அண்ணே, ஒரு கதை சொல்லவா?"

"சொல்லாத. கொப்பியில எழுதி, மேல பேரும் தேதியும் போட்டுக் கொண்டு வா."

17 பக்கம் எழுதிக்கொண்டு வந்தான். தேதி இருந்தது. பேர் போட மறந்திருந்தான்.